நூறு கிலோ உடுப்பும் ஒரு துணை நடிகரும்: ஹருவோ நகஜிமா, 1954–1972

1950-களின் ஜப்பானிய ஸ்டூடியோக்களில் சுவரொட்டியில் முகம் வருகிற நடிகர்களுக்குத் தனி அறை. மற்ற எல்லோருக்கும் சேர்த்து ஒரே ஒப்பனைக்கூடம். அந்த ஊர்ப் படவுலகில் இவர்களுக்குப் ‘பெரிய அறைக்காரர்கள்’ என்றே பெயர். இன்று சாமுராய் படத்தில் வெட்டுப்பட்டுச் சாக வேண்டும். நாளை போர்ப்படத்தில் ஓட வேண்டும். அடுத்த நாள் கூட்டத்தோடு கூட்டமாக நிற்க வேண்டும். டோஹோ ஸ்டூடியோவின் ஹருவோ நகஜிமா அந்த அறையின் ஆள். 18 ஆண்டுகளில் 12 படங்களில் காட்ஸில்லா என்ற ராட்சத மிருகமாக நடித்தும் அவர் நட்சத்திரம் ஆகவில்லை.

அவரைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் தாங்குசக்தியைப் புகழ்வார்கள். வெக்கை, எடை, மயக்கம் எல்லாமே நடந்தவைதான். ஆனால் தாங்கிக்கொள்வதும் நடிப்பதும் ஒன்றல்ல. எந்தப் படத்தில் அவரால் எவ்வளவு நடிக்க முடிந்தது என்பதை முதலில் முடிவுசெய்தது அவர் உள்ளே புகுந்துகொண்ட ரப்பர் மிருக உடுப்பு. அது உடம்புக்குப் பொருந்திய படங்களில் ஒரு பாத்திரம் தெரிகிறது. பொருந்தாதவற்றில் ரப்பர்தான் தெரிகிறது. இந்த ஒரு கணக்கை வைத்துப் பார்த்தால் அந்த 18 ஆண்டுகளின் ஏற்ற இறக்கம் பெரும்பாலும் புரிந்துவிடும்.

உடுப்புக்கு முன்

1929 ஜனவரி 1 அன்று யமகதா மாநிலத்தின் சகதா ஊரில் பிறந்தவர். போரின் கடைசிக் காலத்தில் கடற்படையில் விமானப் பயிற்சி மாணவர். போர் முடிந்ததும் சில வேலைகள் பார்த்துவிட்டு நடிப்புப் பள்ளி வழியாக டோஹோவுக்கு வந்தார். 1953-இல் இஷிரோ ஹோண்டா இயக்கிய ‘பசிபிக்கின் கழுகு’ போர்ப்படத்தில் உடல் முழுக்கத் தீப்பற்றிய விமானியாக நடித்தார். அதன் சிறப்புக் காட்சிகள் எய்ஜி சுபுராயாவின் பொறுப்பு. தீயோடு நிற்கச் சொன்னால் நிற்கும் ஆள் என்ற பேர் அங்கே கிடைத்தது. 1954 ஏப்ரலில் வெளிவந்த ‘ஏழு சாமுராய்’ படத்தில் கொள்ளையர்களில் ஒருவர். அதே ஆண்டு நவம்பர் 3-இல் ‘காட்ஸில்லா’.

சுபுராயா முதலில் நினைத்தது பொம்மையைப் பிரேம் பிரேமாக நகர்த்திப் படமெடுக்கும் முறையை. 1933-இன் ‘கிங் காங்’ அப்படி எடுத்ததுதான். இருக்கிற ஆட்களை வைத்து அப்படிச் செய்தால் ஏழு ஆண்டு ஆகும் என்று கணக்குச் சொன்னார். படமோ அந்த ஆண்டே வர வேண்டும். ஆகவே உடுப்புக்குள் ஆள், சுற்றிலும் மினியேச்சர் நகரம் என்று முடிவாயிற்று. நகஜிமாவுக்கும், முன்னாள் பேஸ்பால் வீரரான கட்சுமி தெசுகாவுக்கும் அந்த வேலை போனது. ‘கிங் காங்’ பிரதியை நகஜிமாவுக்குப் போட்டுக் காட்டினார்கள். அதில் இருப்பதோ பொம்மை. இவர் செய்ய வேண்டியதற்கு முன்மாதிரி எதுவும் இல்லை. அதனால் உவேனோ மிருகக்காட்சிசாலைக்குப் போய் யானையும் கரடியும் எடையை எப்படி மாற்றி வைக்கின்றன என்று பார்த்தார். அங்கிருந்து வந்தது அந்த நடை: பாதத்தை உயர்த்தாமல், அடிப்பாகம் கேமராவுக்குத் தெரியாமல், இழுத்து வைத்து ஊன்றுவது. யானையின் உள்ளங்காலை நடக்கும்போது யாரும் பார்ப்பதில்லை. உடுப்பின் உள்ளங்கால் ஒரு பிரேம் தெரிந்தாலும் 50 மீட்டர் மிருகம் அந்த நொடியே 2 மீட்டர் ஆள் ஆகிவிடும்.

கேமரா வேகம், ஒளி, வெக்கை

இந்த மூன்றும் ஒன்றோடொன்று பின்னிக் கிடப்பவை. கதையில் காட்ஸில்லாவின் உயரம் 50 மீட்டர், உடுப்பின் உயரம் ஏறக்குறைய 2 மீட்டர். ஆகவே நகரம் 25-இல் ஒரு பங்கு அளவில் கட்டப்பட்டது. 50 மீட்டர் உயரத்திலிருந்து விழும் கல் தரையைத் தொட 3.2 விநாடி ஆகும். 2 மீட்டரிலிருந்து விழுந்தால் 0.64 விநாடி போதும். ஐந்து மடங்கு வித்தியாசம், 25-இன் வர்க்கமூலம். இடிபாடு சரியான கனத்தோடு விழுவதாகத் தெரிய வேண்டுமானால், விநாடிக்கு 24 பிரேம் ஓட வேண்டிய சுருளை 120 பிரேமில் ஓட்ட வேண்டும் என்பது ஏட்டுக்கணக்கு. படப்பிடிப்பில் ஷாட்டுக்கு ஷாட் வேகம் மாறும். எடுத்ததைப் போட்டுப் பார்த்துத்தான் முடிவுசெய்வார்கள்.

வேகம் ஐந்து மடங்கானால் ஒவ்வொரு பிரேமுக்கும் கிடைக்கும் ஒளி ஐந்தில் ஒன்றாகும். அதை ஈடுகட்ட விளக்கைக் கூட்ட வேண்டும். விளக்கைக் கூட்டினால் செட் கொதிக்கும். காற்றுப் புகாத ரப்பருக்குள் இருப்பவர் அதைவிடக் கொதிப்பார். முதல் படம் முடிவதற்குள் நகஜிமாவின் எடை 9 கிலோ வரை குறைந்தது. ஷாட் முடிந்ததும் உடுப்பிலிருந்து வியர்வையை ஊற்றி எடுத்தார்கள். அவரை வாட்டியது அன்றைய வானிலை அல்ல, பிரேம் கணக்கு.

நடிப்பையும் இதே கணக்கு தலைகீழாக்குகிறது. கேமரா 72 பிரேமில் ஓடுகிறது என்று வைத்துக்கொள்வோம். திரையில் மூன்று விநாடி நீள வேண்டிய தலைத்திருப்பலை உடுப்புக்குள் ஒரே விநாடியில் முடிக்க வேண்டும். பெரிய மிருகம் மெதுவாகத்தானே நகரும் என்று நடிகரும் மெதுவாக அசைந்தால், கேமராவின் மந்தமும் சேர்ந்து தண்ணீருக்கடியில் நடப்பதாகத் தெரியும். புதிதாக உடுப்பு மாட்டுகிறவர்கள் இந்தத் தவறில்தான் விழுவார்கள். நூறு கிலோவைச் சுமந்துகொண்டு வேகமாக அசைந்தால்தான் திரையில் கனம் வரும். நகஜிமா இதைப் பிடித்துக்கொண்டார். தலையை வெடுக்கென்று திருப்பி, உடம்பைக் கொஞ்சம் தாமதித்துத் தொடரவிடும் பழக்கம் அவர் படங்கள் எல்லாவற்றிலும் இருக்கிறது.

1955-இல் வந்த இரண்டாவது படத்தில் இது கெட்டது. ஒசாகா சண்டையின்போது ஒரு கேமரா தவறுதலாகக் குறைந்த வேகத்தில் ஓடிவிட்டது. அந்தத் துண்டைப் பார்த்த சுபுராயாவுக்கு அந்தப் பரபரப்பு பிடித்துப்போய், படத்திலும் சேர்த்தார். இன்று பார்த்தால் இரண்டு நாய்கள் சண்டை போடுவதுபோல இருக்கிறது. சுபுராயாவின் கண்ணுக்கு அரிதாக நேர்ந்த சறுக்கல் என்று சொல்லலாம்.

முதல் உடுப்பு ஏன் நடக்கவில்லை

தெய்சோ தோஷிமித்சு களிமண்ணில் உருவம் செய்தார். அதை வைத்து மூங்கிலும் கம்பியும் கொண்ட சட்டம், அதன்மேல் வலை, பஞ்சு, அதற்கும் மேலே உருக்கிய ரப்பர் அடுக்கடுக்காக. போருக்குப் பின் நல்ல ரப்பருக்குத் தட்டுப்பாடு. கிடைத்ததைத் தடிமனாகப் பூச வேண்டியிருந்தது. மொத்தம் நூறு கிலோ அளவில் வந்தது. எடையை விடப் பெரிய கோளாறு விறைப்பு. முழங்கால், இடுப்பு, கழுத்து எங்கும் மடிப்பு விழவில்லை. வெள்ளோட்டத்தில் நகஜிமா ஏறக்குறைய 10 மீட்டர் நடந்து விழுந்தார். தெசுகா அவ்வளவுகூடப் போகவில்லை.

தீர்வு இரண்டு வழியில் வந்தது. முதல் உடுப்பை இடுப்போடு வெட்டி, கால்பகுதியை மட்டும் தோள்வாரில் மாட்டிக்கொண்டு பாதம் மிதிக்கும் ஷாட்டுகளை எடுத்தார்கள். முழு உருவத்துக்கு இன்னும் வளையக்கூடிய இரண்டாவது உடுப்பு செய்தார்கள். முகம் நெருக்கமாக வரும் இடங்களுக்குக் கையில் மாட்டும் பொம்மை. அந்தப் பொம்மையின் முகமும் உடுப்பின் முகமும் ஒத்துப்போகாதது படத்தில் அப்படியே தெரியும்.

உள்ளே போகும் வழி முதுகு முள்வரிசையை ஒட்டிய பிளவு. வெளியிலிருந்து ஒருவர் மூடினால்தான் மூடும், திறந்தால்தான் திறக்கும். தீப்பிடித்தாலும் தண்ணீர் ஏறினாலும் நடிகர் தானாக வெளியே வர முடியாது. மிருகத்தின் தலை நடிகரின் தலைக்கு மேலே இருக்கும். பார்ப்பதற்குக் கழுத்தில் சில சின்ன ஓட்டைகள் மட்டும். கால் எங்கே படுகிறது என்பது தெரியாது. அதனால் சாதாரண உடையில் செட்டுக்குள் நடந்து, எந்தக் கட்டடம் எத்தனையாவது எட்டில் என்று மனப்பாடம் செய்துகொண்ட பிறகே உடுப்பு மாட்டுவது. வால் அவர் கையில் இல்லை. மேலே பரண்மீது நிற்பவர்கள் பியானோ கம்பியால் அதை அசைப்பார்கள். நடிகர் சொன்னதற்கு முன் திரும்பிவிட்டால் கம்பிகள் பின்னிக்கொள்ளும். தாமதித்தால் வால் தனியாக ஆடும். திரும்புவதற்கு முன் தோளை ஒருபக்கம் சாய்ப்பது மேலே நிற்பவர்களுக்கும் பார்வையாளருக்கும் ஒரே நேரத்தில் போகும் குறிப்பு.

கட்டடங்களும் சேர்ந்து நடித்தாக வேண்டும். உடைய வேண்டிய இடத்தில் முன்கூட்டியே கீறி வைப்பார்கள். கீறல் ஆழமானால் விளக்குச் சூட்டிலேயே இளகும், குறைந்தால் உடையாது. 1964-இல் ‘மொத்ரா எதிர் காட்ஸில்லா’வின் நகோயா கோட்டை இதற்கு நல்ல உதாரணம். கோட்டை உறுதியாகக் கட்டப்பட்டுவிட்டதால் நகஜிமா மோதியும் சொன்னபடி உடையவில்லை. மறுபடி எடுத்து ஒட்டிய காட்சியில், தடுக்கி விழுந்து எரிச்சலோடு கோட்டையைப் பிய்க்கும் ஒரு மிருகம் கிடைத்தது. எழுதிவைத்து நடித்திருந்தால்கூட அந்த எரிச்சல் இவ்வளவு இயல்பாக வந்திருக்காது.

உடைந்த கம்பி, வெடித்த லாரி

1956 ‘ரோடான்’ படத்தில் பறக்கும் மிருகத்துக்குள் அவரைக் கம்பியில் தொங்கவிட்டார்கள். கம்பி அறுந்து ஏறக்குறைய 7 மீட்டர் உயரத்திலிருந்து தண்ணீர்த் தொட்டியில் விழுந்தார். விரிந்திருந்த ரப்பர் இறக்கைகள் அடியைத் தாங்கியதால் தப்பினார். 1958 ‘வாரன்’ படத்தில் மிருகத்தின் வயிற்றுக்கடியில் ஒரு மினியேச்சர் லாரி வெடிக்க வேண்டும். வெடிமருந்தின் வீச்சு உடுப்பைத் தாண்டியது, வயிற்றில் தீக்காயம். தடித்த ரப்பர் மேல்பக்கம் பாதுகாக்கும், ஆனால் நடிகர் படுத்தபடி ஊர்கிற மிருகத்தில் அடிப்பக்கம் மெல்லியது என்ற பாடம் அதில் இருந்தது. 1964-இல் ராட்சத அந்துப்பூச்சியான மொத்ராவோடு நடந்த சண்டையில் உடுப்பின் தலையே தீப்பற்றிய காட்சி படத்திலும் இருக்கிறது. ஓட்டை வழியே பார்க்கும் ஆளுக்குத் தன் தலைக்குமேல் எரிவது தெரியாது.

தண்ணீர் வேறு வகை ஆபத்து. பஞ்சும் ரப்பரும் நீரைக் குடித்தால் எடை கூடிக்கொண்டே போகும். விழுந்தால் எழ முடியாது. 1966-இன் ராட்சத இறால் படத்தில் நாள்கணக்கில் தொட்டிக்குள் இருந்தார். உடுப்புக்கு அடியில் நீச்சல்காரர்களின் ரப்பர் ஆடையைப் போட்டுக்கொண்டார்.

பொருந்திய உடுப்பு

1962-இல் ‘கிங் காங் எதிர் காட்ஸில்லா’. காங்காக ஷோய்ச்சி ஹிரோசே. முதல் வெளியீட்டில் 1 கோடியே 12 லட்சம் டிக்கெட் விற்ற படம். சண்டையை இரண்டு நடிகர்களுமே யோசித்து அமைத்துக்கொள்ள சுபுராயா விட்டுவிட்டார். அப்போது ஜப்பான் முழுக்கத் தொலைக்காட்சியில் தொழில்முறை மல்யுத்தம் பார்த்துக்கொண்டிருந்த காலம். அந்தப் பிடிகளும் தூக்கியெறிதலும் இங்கே வந்தன. குழந்தைகளுக்காகத் தரம் தாழ்த்தினார்கள் என்று இதைக் குறை சொல்பவர்கள் உண்டு. பாதிதான் சரி. 1954 உடுப்பில் மல்யுத்தம் நினைத்துப் பார்க்கவே முடியாதது. புதிய உடுப்புகள் வளைந்தன. விழுந்து எழ முடிந்தது. முடிந்ததும் செய்தார்கள்.

‘மொத்ரா எதிர் காட்ஸில்லா’வின் 1964 உடுப்புதான் உச்சம். இடுப்பு ஒடுங்கி, தொடை விரிந்து, நகஜிமாவின் உடம்புக்குச் சரியாக உட்கார்ந்தது. அதில் அவர் முதலில் தோன்றும் காட்சியைக் கூர்ந்து பார்க்கலாம். கரையோர நிலம் அசைகிறது; மண்ணுக்குள்ளிருந்து முதலில் வால் மட்டும் எழுந்து துழாவுகிறது. பிறகு முழு உருவம் எழுந்து, உடம்பில் ஒட்டிய தூசியைத் தோளைக் குலுக்கி உதிர்க்கிறது. குளித்து எழுந்த விலங்கு செய்யும் அந்தக் குலுக்கல் முழுக்க நடிகருடையது. உடம்புக்கும் ரப்பருக்கும் இடையில் இடைவெளி இருந்தால் தோள் குலுங்கும், தோல் பின்னால் வரும். இங்கே இரண்டும் ஒன்றாகக் குலுங்குகின்றன. விழுந்தெழுந்த அடியில் மேல்தாடை தளர்ந்து பின்பகுதிகளில் கன்னம் ஆடுவதும் தெரியும். அதுகூட மிருகத்துக்கு ஒரு முரட்டுக் களை தந்தது.

1965-இல் வேற்றுக்கிரகத்தில் சண்டை ஜெயித்த காட்ஸில்லா ஒரு காலை மடக்கி, கையை மேலே வளைத்துத் துள்ளும். அப்போது சிறுவர் பத்திரிகைகளில் பிரபலமாக இருந்த ஒரு கேலிச்சித்திரப் பாத்திரத்தின் ‘ஷே’ அபிநயம் அது. இயக்குநர் ஹோண்டாவுக்குப் பிடிக்கவில்லை. பாத்திரத்துக்கு அது பொருந்தாது என்பது சரி. ஆனால் ஒற்றைக்காலில் துள்ளும் அளவுக்கு அந்த உடுப்பும் ஆளும் இணைந்துவிட்டார்கள் என்பதற்கு அதைவிடச் சான்று வேண்டாம்.

அவருடைய சிறந்த நடிப்பு எது என்று கேட்டால் காட்ஸில்லாவை விட்டுவிட்டு 1966-இன் கைராவைச் சொல்ல வேண்டும். இரண்டு ராட்சத மனித உருவங்கள் பற்றிய படம். பழுப்பு நிற சாண்டாவாக ஹிரோஷி செகிதா, பச்சை நிற கைராவாக நகஜிமா. இந்த உடுப்புகள் இலேசானவை. முக்கியமாக, முகத்தில் நடிகர்களின் சொந்தக் கண்களே தெரிந்தன. பல மிருகங்களுக்குப் பின் முதன்முறையாக அவர் பார்வையை நாம் பார்க்கிறோம். ஹனேதா விமான நிலையக் காட்சியில் ஒரு பெண்ணைத் தூக்கி வாயில் போட்டு மென்று துணியைத் துப்புகிறான் கைரா. அடுத்த நொடி மேகம் விலகி வெயில் படுகிறது. கண் சுருங்கி, முகத்தைக் கையால் மறைத்துக்கொண்டு கடலை நோக்கி ஓடுகிறான். காட்ஸில்லா ஓடியதே இல்லை என்று சொல்லும் அளவுக்கு மெதுவானது. கைராவோ குனிந்து, கை வீசி, முழு வேகத்தில் ஓடுகிறான். பசி, பயம், வெறுப்பு மூன்றும் ஒரே ஷாட்டில். வசனமில்லாத துணை நடிகர் ஒருவர் இவ்வளவு செய்த படம் அந்த வகையில் வேறு இல்லை என்றே தோன்றுகிறது.

அதே 1966-இல் தொலைக்காட்சியிலும் வேலை. ‘அல்ட்ராமேன்’ தொடரின் பத்தாவது பகுதியில் ஜிராஸ் என்ற மிருகம் வரும். பழைய காட்ஸில்லா உடுப்புக்குக் கழுத்தில் விசிறி மடிப்பு ஒட்டியதுதான் அது, உள்ளே நகஜிமாவே. சண்டையில் அல்ட்ராமேன் அந்த மடிப்பைப் பிய்த்தெடுத்துக் காளைச்சண்டைத் துணிபோல ஆட்டுவார். ஒட்டியது பிய்ந்ததும் அப்பட்டமாகக் காட்ஸில்லா நிற்கும். 1967-இல் அவரே காங்காகவும் நடித்தார்.

பொருந்தாத உடுப்பு

1967 ‘காட்ஸில்லாவின் மகன்’ படத்தில் குட்டி மினில்லாவுக்கு அருகே தகப்பன் பெரிதாகத் தெரிய வேண்டும் என்று உடுப்பைப் பெரிதாகச் செய்தார்கள். நகஜிமாவின் உடம்புக்கு அது பெரிது. உயரமான செய்ஜி ஒனாகாவைப் போட்டார்கள், படப்பிடிப்பில் அவர் விரல் முறிந்தது, செகிதா வந்தார். நகஜிமா சில காட்சிகளில் மட்டும், பழைய உடுப்பில். பல ஆட்கள், பல உடுப்புகள். ஒரு ஷாட்டில் தோள் சாய்கிறது, அடுத்ததில் சாயவில்லை. தொடரிலேயே மிகவும் மொத்தையான காட்ஸில்லா இதில்தான் என்பதில் ரசிகர்களுக்குள் பெரிய கருத்து வேறுபாடு இல்லை.

1968-இல் செய்த உடுப்பு நன்றாகவே பொருந்தியது. ஆனால் அதையே 1972 வரை ஓட்டினார்கள். தொலைக்காட்சி பார்வையாளர்களை இழுத்துக்கொண்டிருந்த காலம், படச்செலவு சுருங்கியது. 1970 ஜனவரி 25-இல் சுபுராயா மறைந்தார். அதை ஒட்டிய ஆண்டுகளில் டோஹோ ஒப்பந்த நடிகர்களைக் கலைத்தது. பெரிய அறையே இல்லாமல் போயிற்று. நகஜிமாவை நிறுவனத்தின் பௌலிங் கூடத்தில் வேலைக்கு மாற்றினார்கள்.

அந்த நிலையிலும் 1971-இல் ‘ஹெடோரா’, 1972-இல் ‘கைகன்’. 1954-இன் முதல் ‘காட்ஸில்லா’வுக்கு 96 லட்சம் டிக்கெட் விற்றிருந்தது. கைகனுக்கு 18 லட்சத்துக்கும் குறைவு. பழைய படங்களின் துண்டுகளை வெட்டி ஒட்டியதால் காட்ஸில்லாவின் முகமே ஷாட்டுக்கு ஷாட் மாறும். நான்கு ஆண்டு அடிபட்ட ரப்பர் காய்ந்து வெடித்து, சண்டைக்கு நடுவே துண்டுகள் உதிர்வது வெளிப்படையாகத் தெரிகிறது. உள்ளே இருப்பவர் இன்னும் சரியாகத்தான் திரும்புகிறார். தோல் கூட வரவில்லை. அத்தோடு உடுப்பை விட்டார். 1973-இல், ஜப்பான் நாடே கடலுக்குள் மூழ்கும் பேரழிவுப் படத்தில் பிரதமரின் கார் ஓட்டுநராக ஒரு சின்ன வேடம். 2017 ஆகஸ்ட் 7-இல் 88-ஆவது வயதில் இறந்தார்.

ஹெடோரா, கைகன் என்ற இரண்டு எதிரி மிருகங்களுக்குள்ளும் இருந்தவர் கென்கோ நகயாமா. பிற்பாடு கென்பச்சிரோ சத்சுமா என்று பெயர் மாற்றிக்கொண்டவர். 1984-இல் காட்ஸில்லாவை மறுபடி எடுத்தபோது அந்த வேடம் அவருக்கு வந்தது. ஆனால் உடுப்பு வேறொரு நடிகரின் அளவுக்குச் செய்தது. அவர் கடைசி நேரத்தில் விலகிக்கொண்டார். 110 கிலோ, உள்ளே அங்கங்கே தொளதொள. சத்சுமா பல தடவை மயங்கி விழுந்தார். படத்திலும் அந்தக் காட்ஸில்லா பெரும்பாலும் நேராக நின்று, தலையை மட்டுமே திருப்புகிறது. அடுத்த படங்களுக்கு அவருடைய சொந்த அளவிலேயே உடுப்பு செய்யத் தொடங்கினார்கள்.